பாலி டிக்கெட்டும் எரிமலைச் சாம்பலும்: வாசகர் கேள்வி பதில்

விடுமுறைக்கு இந்தோனேசியா போக டிக்கெட் எடுத்துவைத்திருக்கும் மும்பை வாசகர்களின் கேள்விகளே இந்த முறை பாதிக்கு மேல். 120-க்கும் அதிகமான உயிருள்ள எரிமலைகளை முதுகில் சுமந்துகொண்டிருக்கிற மலைநாடு அது. பதில் சொல்பவர்கள் இருவர். ஒருவர் நிலவியல் துறை, மற்றவர் விமான எஞ்சின் பராமரிப்பு. யார் எந்தப் பதிலைச் சொன்னார் என்பது படித்தாலே தெரிந்துவிடும்.

மும்பை – பாலி டிக்கெட் போட்டிருக்கிறோம். 2024, 2025 இரண்டு வருஷமும் எரிமலையால் பாலி விமானங்கள் ரத்தாயின. "அந்த மலை 800 கிலோமீட்டருக்கு அந்தப் பக்கம் இருக்கு, கவலையை விடுங்க" என்கிறார் ஏஜென்ட். அவ்வளவு தூரத்து மலைக்கு ஏன் விமானத்தை நிறுத்துகிறார்கள்? – வாசகி, செம்பூர்

தூரத்தை ஏஜென்ட் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார். கவலையை விடச் சொன்னதுதான் தப்பு. அந்த மலை ஃப்ளோரஸ் தீவிலிருக்கும் லெவோதோபி லக்கி-லக்கி. லக்கி-லக்கி என்றால் ஆண். பக்கத்திலேயே பெரெம்புவான், அதாவது பெண் என்ற சிகரமும் உண்டு. ஊர்க்காரர்களுக்கு அது புருஷன் பெண்டாட்டி மலை. புருஷன் 2024 நவம்பர் 3 நள்ளிரவில் வெடித்தபோது அடிவாரக் கிராமங்களில் உயிர்கள் போயின. அடுத்த வாரம் கிளம்பிய சாம்பல் பாலி விமானங்களை நிறுத்தியது. 2025 ஜூன் 17 அன்று சாம்பல் சுமார் 11 கிலோமீட்டர் உயரம் ஏறியது. மறுநாள் டெல்லியிலிருந்து பாலிக்குக் கிளம்பிய விமானம் பாதி வழியில் திரும்பி வந்தது. ஜூலை 7-ல் 18 கிலோமீட்டர்.

விமானம் பறக்கும் உயரமே 10, 11 கிலோமீட்டர்தான். அந்த உயரத்தில் கிழக்குக் காற்று மணிக்கு 50 கிலோமீட்டர் வேகத்தில் வீசினால் 16 மணி நேரத்தில் சாம்பல் பாலிக்கு மேலே நிற்கும். வெடிப்பு முந்தாநாள் முடிந்திருக்கலாம், மலை இன்று அமைதியாக இருக்கலாம். விமானத்துக்கு வேண்டியது மேகம் இப்போது எங்கே, இன்னும் ஆறு மணி நேரத்தில் எங்கே என்பதுதான்.

அதைச் சொல்ல உலகத்தில் ஒன்பது எரிமலைச் சாம்பல் எச்சரிக்கை மையங்கள் இருக்கின்றன. இந்தோனேசிய வானம் ஆஸ்திரேலியாவின் டார்வின் மையத்தின் பொறுப்பு. செயற்கைக்கோள் படத்தைப் பார்த்து, மேகத்தின் எல்லையை வரைந்து, 6, 12, 18 மணி நேரத்துக்குப் பின் அது எங்கே இருக்கும் என்ற கணிப்போடு ஆறு மணிக்கொரு தடவை அறிவிப்பார்கள். மலைக்கு நிறக்குறியும் உண்டு: பச்சை, மஞ்சள், ஆரஞ்சு, சிவப்பு. இந்தோனேசிய விமான நிலையங்களில் இன்னொரு எளிய சோதனையும் நடக்கிறது. வெள்ளைத்தாளைத் திறந்தவெளியில் வைத்துவிட்டு, சாம்பல் படிகிறதா என்று பார்ப்பார்கள். பேப்பர் டெஸ்ட் என்றே அதற்குப் பெயர். தாள் வெள்ளையாக இருப்பதால் நிலையம் திறந்திருக்கும். வழியில் 30,000 அடியில் சாம்பல் இருப்பதால் உங்கள் விமானம் ரத்தாகும். "ஏர்போர்ட் ஓபன்னு போட்டிருக்கே, ஏன் கேன்சல்?" என்று கவுண்டரில் சண்டை போடுகிறவர்கள் கவனிக்கத் தவறுவது இதைத்தான்.

கிளம்புவதற்கு முந்தின நாள் மலையின் பெயரைத் தேடிப் பார்ப்பதைவிட, நீங்கள் ஏறவேண்டிய விமானம் அதற்கு முந்தின பயணத்தை முடித்து மும்பை வந்துசேர்ந்ததா என்று பாருங்கள். அது பாலியில் மாட்டிக்கொண்டிருந்தால் உங்கள் பயணமும் அங்கேயே மாட்டிக்கொண்டது.

டெல்லிப் புழுதிப்புயலில்கூட விமானம் இறங்குகிறதே. சாம்பலும் தூசிதானே? – வாசகர், முலுண்ட்

அடுப்புச் சாம்பலை மனதில் வைத்துக் கேட்கிறீர்கள். எரிமலைச் சாம்பலில் எரிந்த பொருள் எதுவும் இல்லை. நொறுங்கிய பாறையும் பொடியான கண்ணாடியும்தான் அது. நுண்ணோக்கியில் பார்த்தால் ஒவ்வொரு துகளும் உடைந்த பாட்டில் சில்லு மாதிரி விளிம்போடு இருக்கும்.

ஜெட் எஞ்சினுக்குள் போனதும் அது மூன்று வேலை செய்கிறது. முன்பக்கத்து கம்ப்ரஸர் பிளேடுகளை உப்புத்தாள் போலத் தேய்க்கிறது. பிறகு எரி அறைக்குப் போகிறது. அங்கே வெப்பம் 1,400 டிகிரி செல்சியஸுக்கும் மேல். இந்தக் கண்ணாடியோ 1,100 டிகிரி வாக்கிலேயே இளகிவிடும். இளகியது டர்பைனுக்கு முன்னால் நிற்கிற அசையாத வழிகாட்டி பிளேடுகளில் பாகு மாதிரி ஒட்டி இறுகுகிறது. மூன்றாவது, அந்தப் பிளேடுகளுக்கு இடையிலான சந்து சுருங்குகிறது. காற்று போக வழியில்லாமல் எஞ்சின் திணறி, தீ அணைந்துவிடும்.

இது நடந்தே விட்டது. 1982 ஜூன் 24, பிரிட்டிஷ் ஏர்வேஸ் 9. லண்டனிலிருந்து நம் பம்பாய் வழியாகக் கோலாலம்பூர் போய், அங்கிருந்து பெர்த் நோக்கிப் பறந்துகொண்டிருந்த போயிங் 747. ஜாவாவின் கலுங்குங் எரிமலை கக்கிய சாம்பலுக்குள் இரவில், 37,000 அடி உயரத்தில் நுழைந்தது. முன்கண்ணாடியில் நீலநிற மின்பொறி படர்ந்தது, உள்ளே கந்தக நெடியோடு புகை, பிறகு ஒன்றன்பின் ஒன்றாக நான்கு எஞ்சினும் நின்றன. 263 பேரோடு விமானம் கிளைடராக இறங்கியது. ஏறக்குறைய 13,000 அடிக்கு வந்தபோது எஞ்சின் மறுபடி உயிர்பெற்றது. எஞ்சின் அணைந்ததால் உள்ளே குளிர்ந்தது. குளிர்ந்ததும் ஒட்டியிருந்த கண்ணாடிப் பூச்சு விரிசல் விட்டுக் கொஞ்சம் உதிர்ந்தது. விமானமும் சாம்பலைவிட்டுக் கீழே வந்திருந்தது. அதனால் காற்றுக்கு வழி கிடைத்தது. முன்கண்ணாடி மணல் அடித்த மாதிரித் தேய்ந்துபோயிருந்ததால் ஜகார்த்தாவில் தரையிறக்குவதும் பெரும்பாடு. எல்லோரும் பிழைத்தார்கள்.

விமானத்தின் வானிலை ரேடார் மழைத்துளியைப் பார்க்கும், காய்ந்த பொடிச் சாம்பலைப் பார்க்காது. இரவில் சாதாரண மேகத்துக்கும் அதற்கும் உள்ள வித்தியாசம் விமானியின் கண்ணுக்கும் தெரியாது. சாம்பலுக்குள் மாட்டிவிட்டால் எஞ்சின் விசையைக் குறைத்து, வந்த வழியே திரும்பு என்பதுதான் விமானிக்குச் சொல்லிக்கொடுப்பது. சாதாரணமாக ஆபத்தென்றால் விசையைக் கூட்டி மேலே ஏறத்தான் கை போகும். இங்கே அப்படிச் செய்தால் எரி அறை இன்னும் சூடாகும், கண்ணாடி இன்னும் வேகமாக ஒட்டும்.

புழுதிப்புயலின் மணலும் எஞ்சினுக்கு நல்லதல்ல. ஆனால் அது தரையோரம் இருக்கும், அதைக் கடந்து மேலே போய்விடலாம். பயண உயரத்தில் மணிக்கணக்காகப் பறக்கவேண்டிய இடத்தில் நிற்பது எரிமலைச் சாம்பல்.

2025 நவம்பரில் எத்தியோப்பியச் சாம்பல் குஜராத், ராஜஸ்தான், டெல்லி மேல் வந்ததே. என் பால்கனித் தூசி அதுதானா? – வாசகர், டோம்பிவிலி

பெரும்பாலும் பக்கத்துக் கட்டிட வேலையின் சிமெண்ட்தான். ஆஃபார் பகுதியின் ஹைலி குப்பி நவம்பர் 23-ல் வெடித்தது. சாம்பல் செங்கடலையும் அரபிக்கடலையும் தாண்டி 24 இரவு இந்திய வானத்துக்கு வந்தது. ஆனால் அது பல கிலோமீட்டர் உயரத்திலேயே கடந்துபோனது. விமானங்கள் ரத்தாயின, அந்த வழியாகப் பறந்தவற்றின் எஞ்சின்கள் சோதிக்கப்பட்டன. தரையில் மூச்சுவிடுகிறவர்களுக்கு அதனால் வேலை இல்லை.

அப்பா அம்மாவோடு ஜாவா போகிறோம். 'லெவல் டூ, லெவல் த்ரீ' என்கிறார்கள். எந்த லெவலில் பயணத்தை விடவேண்டும்? – வாசகி, மாட்டுங்கா

நான்கு நிலைகள். ஒன்று, நார்மல். இரண்டு, வஸ்படா: கவனம். மூன்று, சியாகா: தயார்நிலை. நான்கு, அவாஸ்: ஆபத்து. பாண்டுங் நகரிலிருக்கும் எரிமலையியல் மையம் ஒவ்வொரு மலைக்கும் தனித்தனியாக இதைக் கொடுக்கிறது. மேக்மா இந்தோனேசியா என்ற அவர்களுடைய தளத்தில் அன்றன்றைக்குப் பார்க்கலாம். மொழி புரியாவிட்டாலும் எண் புரியும்.

ஆனால் நிலையை மட்டும் பார்த்து முடிவெடுக்காதீர்கள். அதன் கீழே ஒரு கிலோமீட்டர் கணக்கும் ஒரு திசையும் இருக்கும். உங்களுக்கு முக்கியம் அதுதான். செமேரு எரிமலை மூன்றாம் நிலையில் இருந்தபோது வந்த அறிவிப்பு ஒன்றைப் பாருங்கள்: தென்கிழக்கே பெசுக் கொபோக்கான் ஆற்றோடு 13 கிலோமீட்டர் வரை யாரும் கூடாது, அதற்கப்பாலும் ஆற்றங்கரையிலிருந்து 500 மீட்டர் தள்ளியிருக்க வேண்டும். ஏன் தென்கிழக்கு மட்டும்? மலைவாயின் விளிம்பு அந்தப் பக்கம் உடைந்து தாழ்ந்திருக்கிறது. கொட்டுவதெல்லாம் அந்த வழியாகத்தான் கொட்டும். வடக்கே அதே 13 கிலோமீட்டரில் மக்கள் தக்காளி பறித்துக்கொண்டிருப்பார்கள்.

ஆகவே ஹோட்டலை வரைபடத்தில் குறித்து மலைவாயிலிருந்து தூரத்தை அளந்து பாருங்கள். பிறகு மலையிலிருந்து இறங்கும் ஆறு ஹோட்டல் பக்கம் வருகிறதா என்று பாருங்கள். இரண்டுக்கும் வெளியே என்றால் மூன்றாம் நிலையிலும் தங்கலாம். உள்ளே என்றால் இரண்டாம் நிலையிலும் வேண்டாம். பள்ளத்தாக்கின் அடியில், சலசலக்கும் ஓடைக்குப் பக்கத்தில் என்று விளம்பரம் செய்கிற ரிசார்ட்டை நாங்களாக இருந்தால் எடுக்க மாட்டோம், படம் எவ்வளவு அழகாக இருந்தாலும்.

மெராபி, மராபி – ஒன்றா இரண்டா? – வாசகர், காட்கோபர்

இரண்டு. மெராபி நடு ஜாவாவில், யோக்யகர்த்தாவுக்கு வடக்கே. மராபி மேற்கு சுமத்ராவில். இரண்டு பெயரிலும் 'அபி' இருக்கிறது; அபி என்றால் தீ.

2010 அக்டோபர் கடைசியில் மெராபி வெடிக்குமுன் மலை உப்புவதையும், நடுக்கம் கூடுவதையும், கந்தக வாயு ஏறுவதையும் கருவிகள் காட்டின. நான்காம் நிலை அறிவித்தார்கள். வெடிப்பு வளர வளர விலக்கு வட்டத்தை 10-லிருந்து 15, நவம்பர் 5 விடியலில் 20 கிலோமீட்டர் என்று தள்ளிக்கொண்டே போனார்கள். 350-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள் என்றாலும், வெளியேற்றம் நடக்காதிருந்தால் பலி பல ஆயிரமாகியிருக்கும். மலையின் காவலராக யோக்யகர்த்தா சுல்தான் நியமித்திருந்த மரிஜான் தாத்தா இறங்க மறுத்தார். அக்டோபர் 26-ல் தன் வீட்டிலேயே இறந்துபோனார்.

மராபியின் கதை வேறு. 2023 டிசம்பர் 3 ஞாயிற்றுக்கிழமை, 75 பேர் வரை மலைமேல் இருந்தபோது திடீரென வெடித்தது. 24 பேர் இறந்தார்கள். மலை அப்போது இரண்டாம் நிலையில்தான் இருந்தது. மலைவாயிலிருந்து 3 கிலோமீட்டருக்குள் போகாதே என்ற அறிவுரையும் இருந்தது. இருந்தும் டிக்கெட் கொடுத்து ஏற்றிவிட்டார்கள். டிக்கெட் விற்பவரும் எச்சரிக்கை எழுதுபவரும் ஒரே அலுவலகம் அல்ல என்பதை அங்கே போகிற ஒவ்வொருவரும் நினைவில் வைக்கவேண்டும்.

இந்த இரண்டாவது வகைக்கு முன்னறிவிப்பு ரொம்பக் குறைவு. புதுப் பாறைக்குழம்பு கீழிருந்து மேலே வந்தால் வழியெல்லாம் பாறையை உடைத்துக்கொண்டு வரும்; அந்தச் சத்தம் நாள் கணக்கில் கேட்கும். மேலேயே தேங்கியிருக்கும் நீரும் வாயுவும் அடைபட்டு வெடித்தால் அப்படி எதுவும் இருக்காது. தண்ணீர் நீராவியானால் சுமார் 1,700 மடங்கு இடம் கேட்கும். பிரஷர் குக்கர் விசில் அடைத்துக்கொண்டால் என்ன ஆகும் என்று சமையலறையில் நிற்பவர்களுக்குத் தெரியும்.

ஜாவாவின் ஈஜென் எரிமலைக்குப் போய் நீலத்தீ பார்க்க ஆசை. என்-95 மாஸ்க் போதுமா? – வாசகர், அந்தேரி

போதாது. என்-95 தூளைத் தடுக்கும், வாயுவைத் தடுக்காது. ஈஜெனில் உங்களைப் பிடிப்பது கந்தக டை ஆக்சைடு. அதற்கு அமில வாயுவுக்கான கார்ட்ரிட்ஜ் வைத்த முகமூடி வேண்டும். அடிவாரத்தில் வாடகைக்குக் கிடைக்கும். ஆனால் கார்ட்ரிட்ஜ் எப்போது மாற்றினார்கள் என்று யாரும் சொல்லமாட்டார்கள். மும்பையிலேயே தொழிற்சாலைப் பாதுகாப்புச் சாமான் விற்கும் கடையில் அமில வாயுவுக்கானது என்று கேட்டு, உறை பிரிக்காத ஒரு ஜோடி வாங்கிப் போங்கள். தாடி இருந்தால் விளிம்பு ஒட்டாது, பக்கவாட்டில் கசியும். கான்டாக்ட் லென்ஸ் வேண்டாம். வாயு கண்ணீரோடு சேர்ந்தால் அமிலம். ஆஸ்துமாக்காரர்கள் இறங்கவே கூடாது, இன்ஹேலர் பையில் இருந்தாலும்.

அந்த நீலம் லாவா அல்ல. பாறைவெடிப்பிலிருந்து 600 டிகிரி வரைச் சூட்டில் வரும் கந்தக வாயு காற்றைத் தொட்டதும் எரிகிறது. கந்தகச் சுடர் நீலம். பகலில் கண்ணுக்குத் தெரியாது. அதனால்தான் பால்துடிங் என்ற இடத்திலிருந்து நடு இரவு தாண்டியதும் நடக்க ஆரம்பிக்கிறார்கள். விளிம்புக்கு 3 கிலோமீட்டர், நல்ல ஏற்றம். உள்ளே இறங்கும் பாதை தனி. மூடியிருக்கிறது என்றால் பேரம் பேசாதீர்கள். அந்தப் பாதையில்தான் கந்தகம் வெட்டும் தொழிலாளிகள் 70, 80 கிலோ கூடையைத் தோளில் வைத்து ஏறுகிறார்கள். அவர்கள் வந்தால் மலைப்பக்கம் ஒதுங்கி வழிவிடுங்கள், படம் பிறகு எடுக்கலாம்.

காற்று திடீரெனத் திரும்பி வெள்ளைப்புகை உங்கள் மேல் வந்தால் ஓடாதீர்கள். ஓடினால் மூச்சு கூடும். காற்றுக்கு முதுகைக் காட்டி, குனிந்து, காற்றுக்குக் குறுக்கே நகருங்கள். கீழே பச்சையாக, பார்க்கச் சாதுவாக இருக்கும் ஏரியின் பி.எச். ஒன்றுக்கும் கீழே, கார் பேட்டரி அமிலத்துக்குப் பங்காளி. கைவைத்துப் பார்க்கிற இடமில்லை.

68 வயது அம்மா ஜாவாவின் புரோமோ எரிமலை ஏறலாமா? – வாசகி, தாணே

ஜீப் மணல்வெளி வரை போகும். பிறகு நடை அல்லது குதிரை. கடைசியில் 250 படி வாக்கில். பழநி ஏறுகிறவருக்கு அது பெரிதல்ல, ஆனால் 2,300 மீட்டர் உயரம், விடிகாலைக் குளிர், தூசி. முழங்கால் வலி இருந்தால் எதிரேயுள்ள பார்வைமுனையிலிருந்து சூரிய உதயத்தைப் பார்த்துவிட்டு வரட்டும். மலை அங்கிருந்துதான் அழகும். மலைவாயைச் சுற்றி விலக்கு வட்டம் போட்டிருந்தால் யாருமே படியேறக் கூடாது. புரோமோவைச் சுற்றியுள்ள தெங்கர் மக்கள் இந்துக்கள். வருடாந்தரக் கசாடா விழாவில் காய்கறி, பணம், கோழி என்று மலைவாய்க்குள் காணிக்கை எறிவார்கள். உள்சரிவில் வலையோடு நின்று அதைப் பிடிப்பவர்களும் உண்டு. அந்த வேலை உள்ளூர்க்காரர்களுக்கே ஆபத்தானது, வேடிக்கை பார்க்கப் போனவர்கள் சேரவேண்டாம்.

எரிமலையில் அதிகம் பேரைக் கொல்வது லாவாதானே? – பள்ளி மாணவி, தாராவி

இல்லை. லாவா பெரும்பாலும் நடைவேகத்தில் வரும். வீட்டை விழுங்கும், நிலத்தை விழுங்கும். நகர்ந்துகொள்ள ஆளுக்கு நேரம் கொடுக்கும். கொல்வது மூன்று.

முதலாவது அனல்மேகம். இந்தோனேசிய மொழியிலும் 'அவான் பனாஸ்', சூடான மேகம் என்றே பெயர். மெராபி அடிவாரத்து ஜாவாக்காரர்கள் 'வெதுஸ் கெம்பெல்', சடைபிடித்த ஆடு என்பார்கள். சரிவில் உருண்டு வரும்போது கம்பளி ஆட்டு மந்தை மாதிரியே சுருள் சுருளாக இருக்கும். பல நூறு டிகிரி வெப்பம், மணிக்கு 100 கிலோமீட்டரைத் தாண்டும் வேகம். பைக்கில் ஓடித் தப்பலாம் என்ற கணக்கு வேலைக்காகாது. அது வரும் பள்ளத்தாக்கில் நீ இல்லாமல் இருப்பது ஒன்றே வழி.

இரண்டாவது லஹார். ஜாவா மொழிச் சொல், உலகமே இன்று அதைத்தான் பயன்படுத்துகிறது. மலைச்சரிவில் குவிந்த சாம்பலில் மழை பெய்தால் ஈரக் கான்கிரீட் மாதிரி ஓடிவரும். லாரி அளவுப் பாறையை மிதக்கவிட்டுக் கொண்டுவரும். வெடிப்பு ஓய்ந்து மாதங்கள் ஆனபின்பும் வரும். மழை உன் தலைமேல் பெய்ய வேண்டியதில்லை, மேலே மலையில் பெய்தால் போதும். கெலுட் மலையில் 1919-ல் மலைவாய் ஏரியே கவிழ்ந்தது. சுமார் 4 கோடி கனமீட்டர் தண்ணீர். ஐயாயிரத்துக்கும் மேற்பட்டோர் சேற்றில் போனார்கள். பிறகு டச்சுப் பொறியாளர்கள் மலையைக் குடைந்து சுரங்கம் போட்டு ஏரி நீரை வடித்தார்கள். குழம்பைத் தடுக்க முடியாது, அதன் வழியிலுள்ள தண்ணீரைக் குறைக்க முடியும் என்ற யோசனை. எரிமலைப் பொறியியலில் அதுபோல உருப்படியான வேலை குறைவு.

மூன்றாவது வாயு. கார்பன் டை ஆக்சைடுக்கு நிறமில்லை, மணமில்லை, காற்றைவிடக் கனம். பள்ளத்தில் தேங்கும். 1979 பிப்ரவரியில் தியெங் பீடபூமியில் ஒரு சின்ன வெடிப்பைக் கண்டு ஓடியவர்கள், வழியில் தேங்கியிருந்த இந்த வாயுவுக்குள் நடந்தார்கள். 140-க்கும் மேற்பட்டோர் பாதையிலேயே விழுந்து இறந்தார்கள். எரிமலை நாட்டில் கூடாரம் போட்டால் குழிவான இடம் வேண்டாம் என்று சொல்வது இதனால்தான்.

இவை தவிர, மலைவாய் அருகே நிற்பவர்களுக்குக் கல்மழை. அப்போது முதுகைக் காட்டி ஓடக்கூடாது. மேலே பார்த்து, விழுகிற கல்லுக்கு விலகி, பெரிய பாறைக்குப் பின்னால் ஒடுங்கி, பையைத் தலைமேல் பிடித்துக்கொள்ள வேண்டும்.

சுமத்ராவின் மேடான் நகரில் உறவினர்கள் இருக்கிறார்கள். சினாபுங் எரிமலைச் சாம்பல் வந்தால் வீட்டில் என்ன செய்ய? – வாசகர், சயான் கோலிவாடா

மேடான் தமிழர்களுக்குச் சினாபுங் பழக்கமான பெயர்தான். 400 ஆண்டுத் தூக்கத்துக்குப் பிறகு 2010-ல் எழுந்த மலை. அவர்களுக்கு இதை அனுப்பிவையுங்கள்.

சாம்பல் விழும்போது ஜன்னல், ஏசி, எக்ஸாஸ்ட் ஃபேன் மூடவும். கதவடியில் ஈரத்துணி வைக்கவும். மாடித் தண்ணீர்த் தொட்டிக்கு மூடி, கூரையிலிருந்து வரும் மழைநீர்க் குழாயைக் கழற்றிவிடவும். வெளியே போனால் என்-95, பக்கம் மூடிய கண்ணாடி. காரின் வைப்பரைக் காய்ந்த சாம்பலின்மேல் ஓட்டினால் கண்ணாடி நிரந்தரமாகக் கீறும். முதலில் நிறையத் தண்ணீர்.

கூரைதான் பெரிய விஷயம். 10 சென்டிமீட்டர் ஈரச்சாம்பல் சதுர மீட்டருக்கு 100 முதல் 200 கிலோ. ஆயிரம் சதுர அடிக் கூரையில் 9 முதல் 18 டன். தகரக் கூரை தாங்காது. அதனால் சேரவிடாமல், ஒரு சென்டிமீட்டர் இரண்டு சென்டிமீட்டரிலேயே தள்ளவேண்டும். தண்ணீரைப் பீய்ச்சி அடிக்கக் கூடாது, எடை ஏறும். பறக்காத அளவுக்கு மட்டும் தெளித்து, மண்வெட்டியால் வாரிச் சாக்கில் கட்டவும். சாக்கடையில் தள்ளினால் சிமெண்ட் மாதிரி இறுகும். அடுத்த மழையில் வீட்டுக்குள் தண்ணீர். பலர் சாம்பலால் அல்ல, அதைக் கூட்டும்போது கூரையிலிருந்து வழுக்கி விழுந்துதான் அடிபடுகிறார்கள். ஏணியைப் பிடிக்க ஒரு ஆள் கட்டாயம்.

மின்கம்பங்களில் படிந்த சாம்பல் நனைந்ததும் மின்சாரத்தைக் கடத்தும், பொறி பறக்கும். கரண்ட் போவது அதனால்தான். ஜெனரேட்டர் இருந்தால் ஏர் ஃபில்டரை நாள்தோறும் பாருங்கள்.

2018 டிசம்பரில் எரிமலையால் சுனாமி வந்தது. நிலநடுக்கமே இல்லாமல் எப்படி? – வாசகி, வாஷி

அனாக் கிரகதாவ். கிரகதாவின் குழந்தை என்று பொருள். தாய்மலை 1883 ஆகஸ்ட் 27-ல் வெடித்துச் சிதறியபோது இறந்த 36,000-க்கும் மேற்பட்டோரில் பெரும்பாலானவர்களைக் கொன்றது சுனாமிதான். அந்த இடத்தில் கடலுக்குள்ளிருந்து முளைத்த குழந்தை, 2018 டிசம்பர் 22 இரவில் தன் ஒரு பக்கச் சரிவைக் கடலில் சரித்தது. 338 மீட்டர் மலை 110 மீட்டராகக் குறைந்தது. மலை கடலுக்குள் சரிந்தால் தண்ணீர் எழும்பும், அதற்கு நிலநடுக்கம் தேவையில்லை. எச்சரிக்கைக் கருவிகளோ நிலநடுக்கத்துக்குக் காத்திருந்தன. சுந்தா நீரிணைக் கரையில் 400-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அந்தக் கரையில் தங்கினால் முதல் மாடிக்கு மேல் அறை கேளுங்கள்; மேட்டுக்குப் போகும் வழியைப் பகலிலேயே நடந்து பார்த்துவிடுங்கள்.

சாம்பலால் விமானம் ரத்தானால் பணம்? – வாசகர், போரிவலி

டிக்கெட் பணமோ மாற்று விமானமோ உங்கள் உரிமை. இயற்கைச் சீற்றம் என்பதால் நஷ்டஈடு மட்டும் கிடையாது. ஹோட்டல் செலவுக்குப் பயணக் காப்பீடுதான். அதையும் டிக்கெட் போட்ட அன்றே எடுங்கள். வெடிப்பு செய்தியான பிறகு எடுத்தால் 'தெரிந்த நிகழ்வு' என்று பல பாலிசிகள் கைவிரிக்கும்.

அந்தேரியின் கில்பர்ட் ஹில் எரிமலை என்கிறார்கள். அது மறுபடி வெடிக்குமா? எங்கள் கோவில்பட்டிக் கரிசலும் எரிமலை மண்தானா? – வாசகர், தாராவி

கில்பர்ட் ஹில் எரிமலை அல்ல, எரிமலையின் மிச்சம். சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் மேற்கு இந்தியாவை மூடிய தக்காணக் குழம்பு குளிர்ந்து நெட்டுக்குத்தான தூண்களாக இறுகிய கருங்கல், 200 அடி உயரம். அந்தேரி வெடிக்காது, டிராஃபிக்கில் வேண்டுமானால் குமுறும். அந்தக் குழம்பைக் கக்கிய ஊற்றின்மேல் இந்தியா அன்று இருந்தது, பிறகு வடக்கே நகர்ந்துவிட்டது. ஊற்று இன்று ரீயூனியன் தீவுக்குக் கீழே என்பது பொதுவான கருத்து; அங்கே ஃபூர்னேஸ் எரிமலை இன்னும் வேலையாகத்தான் இருக்கிறது.

விதர்ப்பாவின் கறுப்பு மண் அந்தக் கருங்கல் சிதைந்து வந்தது. கோவில்பட்டிக் கரிசலின் அடியில் லாவா இல்லை, நைஸ் என்ற பழைய உருமாறிய பாறைதான். வறண்ட வெப்பத்தில், வடிகால் குறைந்த சமவெளியில் அது சிதைந்தாலும் இதே மாதிரி விரிசல் விடும் கரிய களிமண் கிடைக்கும். இரண்டிலும் பருத்தி வருகிறது என்பதால் பிறப்பு ஒன்றாகிவிடாது.

திருவண்ணாமலை அணைந்த எரிமலையா? – வாசகி, மாட்டுங்கா

நெருப்பு மலை என்ற புராணத்திலிருந்து வந்த எண்ணம். பாறை அப்படிச் சொல்லவில்லை. லாவாவோ சாம்பலோ அங்கே கிடையாது; பூமியின் ஆழத்தில் வெந்து உருமாறி, மேலே அரித்துப் போனபின் வெளிப்பட்ட மிகப் பழைய பாறை அது.

இந்தியாவில் உயிருள்ள எரிமலையைப் பார்க்க முடியுமா? – வாசகர், நெருல்

ஒன்றே ஒன்று. அந்தமானின் பாரன் (Barren) தீவு, தலைநகரிலிருந்து வடகிழக்கே சுமார் 140 கிலோமீட்டர். கடல்மட்டத்துக்கு மேல் தெரிவது 354 மீட்டர்தான். 1991-ல் விழித்துக்கொண்டதிலிருந்து அவ்வப்போது புகைகிறது. சுமத்ரா, ஜாவா எரிமலைகளின் அதே வரிசைதான் வடக்கே வளைந்து அங்கே வருகிறது. இந்தியத் தட்டு அடியில் செருகுவதுதான் காரணம். ஆளில்லாத தீவு, கரையிறங்க அனுமதி கிடையாது. வனத்துறை அனுமதியோடு படகிலிருந்து பார்க்கலாம். கடல் அமைதியான மாதங்களில் போங்கள், வாந்தி மாத்திரையை மறக்காதீர்கள்.